கடல் நடந்தார் படை

திரு நிலவுக. ஆழ்கடலை மிதித்துக் கடந்தும் கால் நனையாதவனும், நடுக்கடலில் முந்நூறு குதிரைகளை வரிசையாக நிறுத்திக் கொள்ளு தின்னவைத்தவனும், சுவீடன் தேசத்தில் பிறந்து வெண்சங்க நாட்டின் உப்பைத் தின்று நரைத்தவனும், குதிரைப்படைத் தலைமையிலிருந்து இவ்வாண்டு ஓய்வு பெற்றவனுமாகிய லார்ஸ் எக்மார்க், அலை ஓயாத் துறைகளும் விளைவு குன்றா வயல்களும் உடைய வெண்சங்க நாட்டைத் தம் குடைநிழலில் குளிர்வித்தருளும் நிலந்தரு வேள் மகாராசரின் திருவடி வணங்கி வரைந்த ஓலை. தேவரீரின் கோயிலும் கோட்டையும் குறைவற விளங்குக. அரண்மனை யானைகள் பசி அறியாதிருக்க. அடியேனைப் பொய்யன் என்பார்க்கும் நல்ல உறக்கம் வாய்க்க.

விண்ணப்பம் யாதெனில்: படைத்தலைவன் ஓய்வு பெறும் ஆண்டில், அவன் தன் வாழ்நாளில் செய்த அருஞ்செயலே அவன் படைக்குப் பெயராவதும், அதை நேரில் கண்டவர் மறுத்தால் அப்படை பெயரின்றித் திருநாள் ஊர்வலத்தில் கஞ்சி அண்டாக்களுக்குப் பின்னே செல்வதும் இந்நாட்டு வழக்கம். அடியேன் பழக்கிய வீரர்கள் ‘கடல் நடந்தார் படை’ என்று கொடியில் தைத்தே விட்டார்கள். ஆனால் கண்ட சாட்சி இந்நாட்டில் ஒருவரே. அவர் தேவரீரின் நாவாய்த் தலைவர் துறைவல்ல நம்பி. அவரோ சபையில் எழுந்து, தாம் அக்கடலைப் படகில் கடந்ததாகவும், கடல்மேல் நடந்த எவரையும் கண்டதில்லை என்றும், கிழவருக்கு இவ்வூர் வெயில் தலைக்கு ஏறிவிட்டது போலும் என்றும் சொல்லி அமர்ந்தார். சமையற்காரர்கள் அன்றே அண்டாவுக்குப் பின்னால் எங்களுக்கு இடம் பெருக்கி வைத்துவிட்டார்கள்.

ஆகவே நடந்ததை, வேண்டிய இடத்தில் மட்டும் சற்றே கூட்டி, எழுதுகிறேன்.

அடியேன் மீசை முளைக்குமுன் சுவீடன் படையில் முரசடிப்பவனாகச் சேர்ந்தேன். என் முரசொலிக்கு அஞ்சி இரண்டு கோட்டைகள் கதவைத் திறந்தன. மூன்றாவது கோட்டை, அடிப்பதை நிறுத்தினால் திறக்கிறோம் என்று தூது விட்டது. பிறகு துப்பாக்கி ஏந்தினேன். பிறகு குதிரை ஏறி முந்நூற்றுவர்க்குத் தலைவனானேன். என் தொப்பியை எத்தனையோ குண்டுகள் துளைத்தன. கோடைக்குக் காற்றோட்டம் நல்லதென்று தைக்காமல் விட்டேன்.

அக்காலத்தில்தான் தேவரீரின் தந்தையார் அனுப்பிய மிளகும் முத்தும் ஏந்தி நம்பி தூதராக வந்தார். எங்கள் மன்னரோ கடலுக்கு அப்பால் ஒரு தீவில், பகைவர் நடுவே பாசறை அமைத்திருந்தார். எங்கள் நாட்டுக் கடல் கடுங்குளிரில் மேலே உறைந்து பாறையாகும். அவ்வாண்டு என் தாடியும் உறைந்து, வெடிமருந்துக் கொம்பை அதிலேயே மாட்டிக்கொண்டேன். கடல்மேல் நடந்து மன்னரைச் சேர்வதென்று படை புறப்பட்டது. நம்பியோ, கடலில் கால் வைத்தவன் மூழ்குவான், படகில் அமர்ந்தவன் பிழைப்பான், இதை எனக்குக் குதிரைக்காரன் சொல்லித்தர வேண்டாம் என்று தம் படகில் ஏறி அமர்ந்துவிட்டார். வேறு வழியின்றிப் படகுக்கு நான்கு குதிரைகளைப் பூட்டினோம். அவர் கண்ணை இறுக மூடிக்கொண்டு, கரை சேரும்வரை சுக்கானை விடவில்லை. இடப்பக்கம் வலியுங்கள் என்று கட்டளையும் இட்டார். குதிரைகள் தம் விருப்பப்படி சென்றன. அவர் தம் திறமையை எண்ணி மகிழ்ந்தார்.

நடுக்கடலில் படகு குலுங்க, அவர் மடியிலிருந்த வெண்கல வெற்றிலைச் செல்லம் கடலில் விழுந்தது. ஐயோ, மாமனார் தந்த செல்லம், ஊருக்குப் போய் மனைவியிடம் என்ன சொல்வேன் என்று அவர் புலம்பியது படை முழுதும் கேட்டது. என் வீரன் ஒருவன் குனிந்து எடுத்து அவர் மடியில் வைத்தான். அவர் கண் திறவாமலே ஒரு வெற்றிலை மடித்து மென்றார்.

மகாராசா, அச்செல்லம் இன்றும் சபையில் அவர் கைப்பக்கத்தில் இருக்கிறது. வெண்கலம் மிதக்காது என்பதை அவரினும் நன்கறிந்தார் இல்லை. அன்று சுண்ணாம்பு கரையவில்லை, பாக்கு ஊறவில்லை. விழுந்த பொருளைக் கணீரென்று ஒலித்து உலர்ந்தபடியே திருப்பித் தரும் கடல் எது என்று அவரையே கேட்டருள்க.

அவர் மறுக்கும் காரணம் அடியேன் அறிவேன். நாங்கள் நடந்தோம் என்றால், அவர் வந்தது வண்டியில் என்றாகும். நாவாய்த் தலைவருக்கு அது தீராப் பழி. அப்பழி வேண்டாம். எங்கள் படை கடலில் நடந்தது, அவர் படகு கடலில் சென்றது, இரண்டும் மெய். குதிரை பூட்டிய வரி வரும்போது ஓலை வாசிப்பவர் பலமாக இருமிக்கொள்ளட்டும்.

தேவரீர் முன்னமே அருளிய ஆணைப்படி, இவ்வோலை சபையில் வாசிக்கப்பட்டபின், நம்பி தம் சம்மதத்தையோ மறுப்பையோ இதன் அடியிலேயே தம் கைப்பட எழுதக் கடவர். துறையில் சங்கு முழங்கும் நாளெல்லாம் தேவரீர் கொற்றம் ஓங்குக. இது குதிரை லாடம் அழுத்திய அரக்கு முத்திரை.

துறைவல்ல நம்பி கைச்சாத்து: சுக்கான் பிடித்தது நானே, படகு என் சொற்படியே சென்றது. தாடியில் கொம்பு மாட்டிய செய்தி முழுப்பொய். ஆனால் செல்லம் விழுந்தது, கணீரென்றது, நனையவில்லை. நானும் ஒருமுறை கண்ணைத் திறந்து பார்த்தேன். நடந்தார்கள்.