அம்மா பார்த்த சறுக்கல் படம்

அன்பு மகளுக்கு, அப்பா எழுதுவது. இங்கே என் இடுப்பைத் தவிர மற்றதெல்லாம் சுகம், அங்கே நீயும் மாப்பிள்ளையும் இடுப்பு உட்பட சுகமாக இருக்க வேண்டும். போன தடவை வந்தபோது டிவியில் ஒரு கார் பந்தயப் படத்தைப் போட்டுக் காட்டிவிட்டுப் போனாயே புண்ணியவதி, அதை உன் அம்மா இதுவரை ஏழு தடவை பார்த்துவிட்டாள். சீரியல்களெல்லாம் அநாதையாகக் கிடக்கின்றன. டயர் புகைய நண்டு மாதிரிப் பக்கவாட்டில் போகிற வண்டியில் என்னடி இருக்கிறது என்று கேட்டேன். "மூஞ்சி ஒரு பக்கம், போறது ஒரு பக்கம், ஆனா சேர வேண்டிய இடத்துக்குச் சரியாப் போய்ச் சேருது பாருங்க, இந்த வீட்ல நான் காரியம் சாதிக்கிற மாதிரியே" என்றாள். அதோடு விட்டாளா, எனக்கும் ஓட்டக் கற்றுக்கொடுங்கள் என்று ஒற்றைக் காலில் நின்றாள். ஊருக்கெல்லாம் கார் ஓட்டக் கற்றுக்கொடுக்கும் நான், அவளுக்கு மட்டும் "உனக்குப் பயம் வரும்" என்று முப்பது வருடமாகத் தட்டிக்கழித்தது உனக்கே தெரியும்.

பழகுநர் லைசென்ஸ் வந்ததும் ஞாயிறு மத்தியானம் பயிற்சிக் காரில், பூட்டிக்கிடக்கும் கிடங்கின் முற்றத்துக்குக் கூட்டிப்போனேன். மழை விட்டுத் தரை ஈரமாக இருந்தது. பத்து நிமிடம் பசுமாடு மாதிரிப் போனவள், சுவர்ப் பக்கம் திரும்பும்போது கொஞ்சம் வேகம் கூட்டினாள், அவ்வளவுதான், சொல்லிக்கொடுப்பவனுக்கென்று என் பக்கம் இருக்கும் இரண்டாவது பிரேக்கை ஓங்கி மிதித்துவிட்டேன். வண்டியின் பின்பக்கம் சர்ரென்று வழுக்கியது. பதறாதே பதறாதே என்று பாடம் நடத்துகிற நான் கண்ணை இறுக மூடிக்கொண்டு அலறினேன். அவளோ, "முதல்ல பிரேக்லேருந்து காலை எடுங்க!" என்று ஓர் அதட்டல் போட்டு, வழுக்கிய பக்கமே ஸ்டியரிங்கை ஒடித்து, சுவருக்கு ஒரு முழம் முன்னால் நிறுத்தினாள். கண்ணைத் திறந்து பார்த்தால் அவள் நெற்றியெல்லாம் வேர்வை, சிரிப்பு மட்டும் அடங்கவில்லை. கல்யாணமான புதிதில்கூட அவளை நான் அப்படிப் பார்த்ததில்லை. பயம் யாருக்கு என்பது அந்த ஒரு முழத்தில் தெரிந்துபோனது. அடுத்த மாதம் அவளுக்கு லைசென்ஸ் தேர்வு.

அங்கே பனி கொட்டுகிறதாமே, மாப்பிள்ளையை நிதானமாக ஓட்டச் சொல், வேலை வேலை என்று சாப்பாட்டைத் தள்ளிப்போடாதே. இருவரும் குறைவில்லாமல் வாழ ஆசிகள். அம்மா போனில் ஒன்று சொல்வாள், நம்பாதே என்று எழுதத்தான் உட்கார்ந்தேன், பேனாவுக்குப் பொய் வரமாட்டேன் என்கிறது. வண்டி நின்றதும் "இன்னொரு தடவை சுத்து" என்று கேட்டது நான்தான்.

இப்படிக்கு,
பிரேக்கிலிருந்து காலை எடுத்துவிட்ட
அப்பா