ஏழாம் கணக்கின் விடை

அன்புள்ள பாப்பாவுக்கு,

நீ விட்டுச்சென்ற இயற்பிய வேதியியல் புத்தகத்தை முதல் பக்கத்திலிருந்து படித்து வருகிறேன். சிரிக்காதே.

குவாண்டம் அத்தியாயத்தின் ஏழாம் கணக்கில் பன்னிரண்டு நாள் மாட்டிக்கொண்டேன். ஒரு நானோமீட்டர் பெட்டிக்குள் ஓர் எலக்ட்ரான்; அது முதல் படியிலிருந்து இரண்டாம் படிக்கு ஏற எந்த அலைநீள ஒளி வேண்டும்? எனக்கு 1100 நானோமீட்டர் வந்தது. புத்தகத்தின் கடைசியில் இருந்த விடையோ 3300. வழக்கம்போல் என்னைத்தான் சந்தேகப்பட்டேன். பத்தொன்பது முறை போட்டும் அதே 1100.

"என்னங்க, அந்த எலக்ட்ரான் இன்னும் பெட்டிய விட்டு வெளிய வரலையா?" என்று அம்மா கேலி செய்தாள்.

நேற்றுக் காலை பிடிபட்டது. இரண்டு படிகளுக்கும் இடையே உள்ள ஆற்றல் வித்தியாசம், முதல் படியின் ஆற்றலைப்போல் மூன்று மடங்கு; ஆற்றல் மூன்று மடங்கானால் அலைநீளம் மூன்றில் ஒரு பங்காகும். விடை எழுதியவர் அந்த மூன்றால் வகுக்க மறந்துவிட்டார். புத்தகம் தவறு, நான் சரி! துள்ளிக் குதித்தேன் பாப்பா, இந்த முழங்காலோடு.

அப்போதுதான் ஜன்னல் வெளிச்சத்தில் கணக்கின் ஓரத்தைப் பார்த்தேன். அழித்த பென்சில் தடம்: 1100. உன் கையெழுத்து.

கல்லூரி நாளில் நீ அதை என்னிடம் காட்டியபோது, "அச்சடிச்சவன் என்ன முட்டாளா? போய் ஒழுங்காப் போடு" என்றேன். அடுத்த வாரம் நீ அந்தப் படிப்பையே விட்டாய். காரணத்தை நான் கேட்கவில்லை.

அழிக்க வசதியென்று எப்போதும் பென்சிலில் எழுதுகிறவன் நான். இன்று அந்த 3300-ஐப் பேனாவால் அடித்து, "1100. என் மகள் போட்டதே சரி" என்று எழுதிவிட்டேன்.

எட்டாம் கணக்கு இன்னும் கடினம். ஞாயிற்றுக்கிழமை வருகிறாயா?

உன்னைவிட இருபது வருடம் பின்தங்கிய மாணவன்,
அப்பா