தக்கையைப் பார்த்துக்கொண்டிருந்த இரண்டு மணி நேரம்

காஞ்சிபுரம்
ஞாயிறு மாலை

அன்பு மகள் திரிஷாவுக்கு அம்மா எழுதுவது. கர்த்தர் கிருபையில் அப்பாவும் விக்ரமும் நானும் சுகம், டப்ளின் குளிரில் நீயும் சளி இருமல் இல்லாமல் இருப்பாய் என்று நம்புகிறேன். உன் தம்பி விக்ரமுக்கு வாலாஜாபாத்தில் வேலை கிடைத்துவிட்டது, பைக்கைத்தான் வேகமாக ஓட்டுகிறான், நீ ஒரு வார்த்தை சொல். இத்தனை நாள் உன்னிடம் மறைத்த ஒன்றைச் சொல்கிறேன், பயப்படாதே. கம்பெனியில் பிரஸ் மிஷின் பக்கத்தில் ஒன்பது வருடம் நின்றதில் என் காதுக்குள் ஒரு இரைச்சல் வந்துவிட்டது, குக்கர் விசில் நிற்காமல் அடிப்பது போல, பதினான்கு மாதமாக ஓயவே இல்லை. டாக்டர் இது போகாது, பழகிக்கொள்ளுங்கள் என்றார். எங்கே பழகுவது? ஜெபத்தில்கூட அதுதான் கேட்டது.

போன ஞாயிறு ஆராதனை முடிந்ததும் அப்பாவின் நண்பர் சாமுவேல் அண்ணன் எங்களைச் செவிலிமேடு பாலத்துப் பக்கம் மீன் பிடிக்க அழைத்துப் போனார். மழைக்குப் பிறகு பாலாற்றில் தண்ணீர் நன்றாக ஓடுகிறது. என் கையில் தூண்டிலைக் கொடுத்து, நூலில் கட்டித் தண்ணீரில் மிதந்த சிவப்புத் தக்கையைக் காட்டி, "தக்கைய மட்டும் பாத்துக்கினு இரும்மா, மீன் தொட்டா அது ஒரு தபா நடுங்கும், அத்த வுட்டுடாதே" என்றார். முதலில் எல்லா அசைவும் ஒன்றுபோலத்தான் இருந்தது. போகப் போக, காற்று ஆட்டுவது வேறு, தண்ணீர் இழுப்பது வேறு என்று தெரிய ஆரம்பித்தது. அப்புறம் அந்தச் சிவப்புத் தக்கையைத் தவிர உலகத்தில் எதுவுமே இல்லை, நான்கூட இல்லை. சின்னதாய் ஒரு நடுக்கம், வெடுக்கென்று இழுத்தேன், உள்ளங்கை அகலத்துக்கு ஒரு ஜிலேபி மீன் துள்ளியது. கழற்றி வாளியில் போட்டுவிட்டு மறுபடி வீசினேன். அப்பா வந்து தோளைத் தொட்டு, "இன்னா சங்கீதா, ரெண்டு மணி நேரமா அசையாம குந்திக்கினு இருக்கே, காலப் பாரு" என்றார். இரண்டு காலும் எறும்பு கடித்துத் தடித்துக் கிடந்தது, எனக்குத் தெரியவே இல்லை. அப்போதுதான் உறைத்தது, காதில் தண்ணீர் ஓடும் சத்தம் மட்டும்தான் கேட்டுக்கொண்டிருந்தது. இரைச்சல் எங்கே என்று தேடினேன், தேடியதும் வந்துவிட்டது. ஆனாலும் அந்த மணலிலேயே உட்கார்ந்து அழுதேன் திரிஷா, துக்கத்தில் இல்லை, நம் மனசை ஆண்டவர் எப்படிச் செய்து வைத்திருக்கிறார் என்ற மலைப்பில். டாக்டரிடம் சொன்னேன். சத்தம் போகவில்லையாம், மனசு முழுக்க ஒன்றிலேயே நின்றால் மற்றதைக் கேட்காமல் விட்டுவிடுமாம், அடிக்கடி போங்கள் என்றார். இன்றும் போனோம், இன்றும் அப்படியே.

நீ போன் செய்தால் நான் இரண்டே நிமிடத்தில் வைத்துவிடுகிறேன், வெளிநாடு போனதில் அம்மாவுக்குக் கோபம் என்று அப்பாவிடம் அழுதாயாமே. கோபமே இல்லை கண்ணு. அந்த இரைச்சலில் உன் பேச்சு பாதிகூட எனக்கு விளங்கவில்லை, தெரிந்தால் வேலையை விட்டுவிட்டு ஓடி வந்துவிடுவாய் என்று பயந்தேன். அதனால்தான் கைப்பட எழுதுகிறேன், விக்ரம் படமெடுத்து அனுப்புவான். நேரத்துக்குச் சாப்பிடு, ஈரத் தலையோடு வெளியே போகாதே. கர்த்தர் உன் போக்கையும் வரத்தையும் காப்பாராக. புதன்கிழமை கூப்பிடு, மெதுவாகப் பேசு, புரியாவிட்டால் திருப்பிக் கேட்பேன். நானாக வைக்க மாட்டேன்.

முத்தங்களுடன்,
உன் அம்மா
சங்கீதா