எண்ணாத ஓட்டு

அந்தத் தேர்தல் நாள் காலையில் உங்கள் பெயரில் ஓட்டுப் போட வந்தவள் நீங்கள் இல்லை என்று எனக்குத் தெரியும், அக்கா. அன்று அதை நான் சொல்லவில்லை.

இன்று பள்ளியின் முதலுதவிப் பெட்டிக்கு வந்த பேண்டேஜ் துணிக் கட்டைப் பிரித்தேன். பிளீச்சிங் வாடை. இராஜபாளையத்தில் அடுத்தடுத்த வீட்டில் இருந்தபோது, நீங்கள் பேண்டேஜ் துணி ஆலையில் வேலை முடிந்து எங்கள் வாசலைக் கடக்கும்போதெல்லாம் வந்த அதே வாடை.

அந்தத் தேர்தலில் உங்கள் வாக்குச்சாவடியில் எனக்குப் பணி. ஸ்ரீவில்லிபுத்தூரில் ஆசிரியையாகச் சேர்ந்து ஒரு வருடம்கூட ஆகவில்லை. விரலில் மை வைக்க உட்கார்த்தியிருந்தார்கள். உங்கள் பெயரைப் படிக்கக் கேட்டதும் ஆசையாக நிமிர்ந்தேன். வேறு ஒருத்தி கையை நீட்டிக்கொண்டு நின்றாள். ஏஜெண்டுகள் யாரும் ஆட்சேபிக்கவில்லை. நமக்கு எதற்கு வம்பு என்று மை வைத்துவிட்டேன்.

சாயங்காலம் ஷிப்ட் முடிந்து நீங்கள் வந்தீர்கள்.

“ஒங்க ஓட்டு காலையிலயே விழுந்திருச்சுக்கா. இன்னொன்னு போட ஆசையாக்கும்?” என்று ஒரு ஏஜெண்ட் சிரித்தார்.

“வெரல்ல மை எங்கய்யா? பிளீச்சிங்ல போயிருச்சும்பீயளோ?” பத்து விரலையும் விரித்துக் காட்டிவிட்டு என் பக்கம் திரும்பினீர்கள். “ஏட்டி, நீதான மை வைக்க. எனக்கு வச்சியா?”

இல்லை என்று தலையை ஆட்டினேன். அவ்வளவுதான்.

தலைமை அலுவலர் விதிப்புத்தகத்தைப் புரட்டி, தனியாக ஒரு சீட்டு தரலாம், ஆனால் அது பெட்டிக்குள் போகாது, உறையில்தான் வைப்போம் என்றார்.

“அத எண்ணுவாகளா சார்?”

“சாதாரணமா எண்ண மாட்டாங்கம்மா.”

“பரவால்ல, குடுங்க. நான் வந்தேன்னு இருக்கட்டும்.”

அடுத்த வாரம் ஏழாம் வகுப்புக்கு வாக்குரிமைப் பாடம் எடுத்தேன். புத்தகத்தில் இருந்தபடியே எடுத்தேன். பிறகு எத்தனையோ முறை உங்கள் வீட்டில் காபி குடித்திருக்கிறேன். நீங்கள் கேட்கவில்லை, எனக்கும் சொல்ல வாய் வரவில்லை.

அடுத்த தேர்தலுக்குள் காய்ச்சலில் போய்விட்டீர்கள். எனக்கு மறுபடியும் அதே சாவடி, அதே வேலை. பட்டியலில் உங்கள் பெயரை யாரும் நீக்கியிருக்கவில்லை. பத்து மணிவாக்கில் அதைப் படித்தார்கள். ஒரு பெண் கையை நீட்டினாள்.

மைப்புட்டியை மூடினேன். “இவங்க அவங்க இல்ல சார். அவங்க இறந்துட்டாங்க” என்றேன்.

அவள் கையை இழுத்துக்கொண்டு வெளியே போனாள். அன்று உங்கள் பெயரில் யாரும் ஓட்டுப் போடவில்லை.