நைனா என்றால் தந்தை மட்டுமா?

என் பாசத்துக்குரிய அண்ணே,

நீ போய் ஏழு மாதம் ஆகிறது. உன் படம் வந்துவிட்டது. சந்தோஷமாகச் சொல்ல வேண்டிய சேதியை வயிறு எரிந்து சொல்கிறேன்.

திரையில் தெரிவது நீதான். அசைவதும் உன் வாய்தான். குரல் மட்டும் உன்னுடையது இல்லை. உன் முப்பதாம் நாள் பூசை முடிவதற்குள் விநியோகஸ்தர் உன் குரலை எடுத்துவிட்டு, வசனத்தையும் மாற்றி, யாரோ ஒரு நாடகக்காரரைப் பேச வைத்துவிட்டார்.

நேரில் போய்க் கேட்டேன். "இந்தப் பாஷையில கதாநாயகன் அழுதா ஜனங்க சிரிப்பாங்கம்மா. இதெல்லாம் குடிகாரனுக்கும் ரிக்‌ஷாக்காரனுக்கும்தான் சரி" என்றார். ஒன்பது வருஷம் கோடம்பாக்கத்தில் உனக்கு அந்த இரண்டைத் தவிர வேறு என்ன வேஷம் கொடுத்தார்கள்? நீ வந்து "இன்னா நைனா" என்பாய், கதாநாயகன் அறைவான், கொட்டகை சிரிக்கும். அது பொறுக்காமல்தானே நீயே படம் எடுக்கக் கிளம்பினாய்? இரவல் காமிரா, பெரிய கம்பெனிகள் ஒதுக்கிப்போட்ட துண்டு ஃபிலிம், நடிப்பதற்குத் துறைமுகத்தில் மூட்டை தூக்குகிறவர்கள். செட்டுக்கு வழியில்லை என்று என் சமையலறையைப் பிடித்துக்கொண்டாய். மூன்று நாள் அடுப்பு எரியவில்லை, ஞாபகம் இருக்கிறதா?

கிரேனிலிருந்து மூட்டை விழுந்து உன் தோழன் செத்துக் கிடக்கும் காட்சியில், அந்தத் தோழனாக மூட்டை தூக்குகிற மாரி படுத்திருந்தான். உன்னைவிடப் பத்து வயது சின்னவன். அவன் தலையை மடியில் வைத்துக்கொண்டு, "எந்திரி நைனா. வேல முடிஞ்சி சங்கு ஊதிட்டாங்க. வூட்டாண்ட உன் பொண்டாட்டி காத்துகினு கீறா" என்றாய். சுற்றி நின்ற மூட்டைக்காரர்கள் துண்டால் வாயைப் பொத்திக்கொண்டு அழுதார்கள்.

நம் ராயபுரத்தில் நைனா என்றால் அப்பாவும்தான், தோழனும்தான், பிரியம் வந்தால் பெற்ற பிள்ளையும்தான். புது வசனம் எழுதிய மகராசன் நம்மில் யாரையாவது ஒரு வார்த்தை கேட்டிருக்கக் கூடாதா?

போன ஞாயிறு திருவொற்றியூரில் பகல் காட்சிக்குப் போனேன். மாரியை மடியில் போட்டுக்கொண்டு நீ பேசுகிறாய்: "எழுந்திருங்கள், தந்தையே! சங்கொலி கேட்கவில்லையா? இல்லத்தில் தங்கள் மனைவி காத்திருக்கிறாள்!"

கொட்டகையே சிரித்தது, அண்ணே. "அப்பனவிட மவன் கெழவனா கீறானே!" என்று பின்னாலிருந்து ஒரு குரல். என் பக்கத்தில் உட்கார்ந்திருந்த மாரி தலையைக் குனிந்துகொண்டான். ஜனங்கள் சிரித்துவிடுவார்கள் என்று சொல்லித்தானே உன் குரலை எடுத்தார்கள்? இப்போது சிரிக்க வைத்தது யார்?

நேராக ஆபரேட்டர் அறைக்கு ஏறினேன். அங்கே யூசுப் பாய், வண்ணாரப்பேட்டைக்காரர். சண்டை போடத்தான் போனேன். "எனக்கும் பேஜாராத்தாம்மா கீது. தெனம் மூணு தபா இத்தக் கேக்கறேன்" என்றார். உன் குரல் பதிந்த ஃபிலிமை அழித்துவிட்டதாக விநியோகஸ்தர் சொன்னதை அவரிடம் சொன்னேன். உன்னைக் கல்லறையில் வைத்தது அவர்களுக்குப் போதவில்லை போலிருக்கிறது.

பாய் ஒரு வழி சொன்னார். "வர்ற ஞாயித்துக்கெயம வாங்க. அந்த எடத்துல சத்தத்த நிறுத்திடறேன். நீங்களே பேசிக்கங்க. மேனேஜர் கேட்டா மிஷின் ரிப்பேருன்னு சொல்லிக்கறேன்."

மாரியைப் பேசச் சொன்னேன். "செத்துக் கெடக்கறவன் நானு. நான் எப்டிக்கா பேசறது?" என்றான். அதுவும் நியாயம்தான்.

ஆகவே உனக்கு வாக்குக் கொடுக்கிறேன். ஞாயிற்றுக்கிழமை திரைக்குப் பக்கத்தில் நின்று நானே பேசுவேன். படம் ஓடுகிறவரை ஒவ்வொரு ஞாயிறும் பேசுவேன். ஆம்பளைக்குப் பொம்பளைக் குரலா என்று சிரிக்கிறவர்கள் சிரிக்கட்டும். அது நீ உட்கார்ந்து எழுதிய வசனமா? துறைமுகத்தில் என் புருஷன் விழுந்து கிடந்த அன்று, அவர் தலையை மடியில் வைத்துக்கொண்டு நீ சொன்னது. வீட்டில் காத்துக்கொண்டிருந்தவள் நான்.

உன் தங்கச்சி,
பிலோமினா