கடைக் கண்ணாடிக்குப் பின்னால் இருந்த படம்

அன்புள்ள சினாட்சு,

டோக்கியோ வெக்கையில் வேளைக்குச் சாப்பிடுகிறாயா? இங்கே மழைக்காலம் முடிந்துவிட்டது, அப்பாவும் நானும் நடமாடிக்கொண்டு இருக்கிறோம். உன் கடிதம் நேற்று வந்தது. அந்த மாதிரி ஆபாச வீடியோக்களில் நடிப்பதை விட்டுவிட்டு நீ சேர்ந்த முதியோர் இல்லத்தில் யாரோ உன் முகத்தை அடையாளம் கண்டு, இல்லத்து நிர்வாகிகள் குனிந்து வணங்கி மரியாதையாகவே உன்னைப் போகச் சொல்லிவிட்டார்கள் என்று படித்ததும் அடுப்பை அணைத்துவிட்டு உட்கார்ந்துவிட்டேன். கூட நடித்தவர்கள் மதுக்கூடங்களுக்கு வேலைக்குப் போகிறார்கள், நீ பழைய கம்பெனியிலேயே புதுப் பெண்களுக்கு மேக்கப் போடப் போகிறேன் என்கிறாய். வேண்டாம் என்று எழுத நினைக்கிறேன், வேறெங்கே போகச் சொல்வதென்று தெரியவில்லை. செத்தவர்களும் வீடு திரும்பும் ஓபோன் பண்டிகைக்கு வீட்டுக்கு வரட்டுமா என்றும் கேட்டிருக்கிறாய்.

அதற்குமுன் ஒன்று சொல்ல வேண்டும். இருபது வயது விழாவுக்கு நீ கிமோனோ உடுத்தி எடுத்துக்கொண்ட படம் கடைத்தெரு ஸ்டுடியோவின் கண்ணாடிக்குப் பின்னால் இருந்ததல்லவா, அதன் முன்னால் ஆட்கள் நின்று, இவதான்டா அவ, அப்ப எவ்வளவு அடக்கமா இருந்திருக்கா பாரேன் என்று சிரிப்பதை என் காதால் கேட்டேன். பத்தொன்பதில் உன்னைப் பெற்றவள் நான், முகமும் ஒரே அச்சு. அவர்கள் திரும்பி என்னையும் ஒரு மாதிரி பார்த்தார்கள். போன வாரம் போய்ப் படத்தை எடுத்துவிடச் சொன்னேன். ஸ்டுடியோ நிஷிவாக்கி ஒன்றும் தெரியாதவர் போல, எடுத்துடறேம்மா, பொண்ணு வந்து கேட்டா வெயில்ல நிறம் போயிடுச்சுன்னு சொல்லிடவா என்றார். சொல்லுங்கள் என்றேன். உன்னை இடுப்பில் வைத்துக்கொண்டே ஊர் பார்க்கக் கல்லூரி முடித்தவள், படத்தைத் துணியில் சுற்றிச் சந்து வழியாகத் தூக்கி வந்தேன். நிறம் அப்படியேதான் இருக்கிறது.

பண்டிகைக்கு வர வேண்டாம் என்று எழுதப்போவதாக அப்பாவிடம் சொன்னேன். மீன் செதிலைத் தேய்த்துக்கொண்டே, செத்துப்போன எங்கப்பனுக்கு வாசல்ல விளக்கு வெச்சு வழி காட்டுவே, உசுரோட இருக்கிற பொண்ணை வராதேன்னுவியா, நல்லாருக்குடி உன் நியாயம் என்றார்.

வா. இருட்டின பிறகு வரும் ரயிலில் வா என்று எழுதி அடித்துவிட்டேன். பகல் ரயிலிலேயே வா, நானே ஸ்டேஷனுக்கு வருகிறேன். யாராவது பார்த்தால் என் தலை தானாகக் குனிந்துவிடும், அதை நிறுத்துவேன் என்று வாக்குக் கொடுக்க முடியவில்லை. அதைப் பார்த்துவிட்டு அடுத்த ரயிலில் ஏறிவிடாதே.

இரும்புச்சத்து மாத்திரையை விடாதே. எந்தக் குறையும் உன்னை அண்டாமல் இருக்கட்டும்.

உன் அம்மா,
கசுயே