ஒப்படைக்கப்படாத படகு

எத்தாளை,
1932 ஆகஸ்ட் 9, செவ்வாய்க்கிழமை.

புனித அன்னம்மாள் துணை.

அன்புள்ள அத்தானுக்கு,

நானும் மகனும் சுகம். உங்கள் சுகத்துக்காகத் தினமும் மன்றாடுகிறோம். பதினெட்டு நாளில் மகன் நன்றாகத் தேறிவிட்டான். பால் குடித்து முடிந்ததும் நெற்றியைச் சுருக்கிக்கொண்டு, யாரோ எழுதிய அறிக்கையில் பிழை கண்டவன் மாதிரிக் கூரையைப் பார்க்கிறான். அப்படியே நீங்கள்தான். அம்மாவுக்கு ஒரே பெருமை.

வெள்ளிக்கிழமை ரயிலில் புத்தளம் வந்து, அங்கிருந்து யாருடைய படகிலாவது களப்பைக் கடந்து வருவதாக எழுதியிருந்தீர்கள். படகில் வர வேண்டாம். இதைச் சொல்லத்தான் இந்தக் கடிதம். சிரிப்பதானால் கடைசிவரை வாசித்துவிட்டுச் சிரியுங்கள்.

கல்லூரியில் நிதி படிப்பித்த காலத்தில், அரசாங்கக் கணக்கில் ஒவ்வொரு வரிக்கும் பின்னால் யாரோ ஒருவருடைய அடுப்பு எரிகிறது என்று மாணவர்களுக்குச் சொல்வீர்களாம். கலியாணமான புதிதில் அதை எனக்கும் சொன்னீர்கள். அன்றைக்குத்தான் உங்கள் மேல் எனக்கு உண்மையான மரியாதை வந்தது. பிறகு அரசாங்கம் செலவைக் குறைக்க ஆள் தேடியபோது, பேராசிரியரையே திறைசேரிக்குக் கூப்பிட்டுக்கொண்டது. என் மருமகன் என்று ஐயா அதை ஊர் முழுக்கச் சொல்லித் திரிந்தார். நானும் தலைகால் தெரியாமல்தான் இருந்தேன். பொய் சொல்லவில்லை.

அரசாங்கப் படகோட்டி அபூசாலி நானாவை உங்களுக்குத் தெரியும். இருபத்திரண்டு வருடம் இந்தக் களப்பில் ஆட்களை ஏற்றி இறக்கியவர். கலியாணத்துக்கு உங்கள் வீட்டாரையும் அவர்தான் கொண்டுவந்து சேர்த்தார். பிள்ளைப்பேற்றுக்கு நான் இங்கே வந்த பிறகு, மே மாதம், ஆங்கிலக் கடிதம் ஒன்றைத் தூக்கிக்கொண்டு வாசலில் வந்து நின்றார். கீழே உங்கள் ஒப்பம். படகுச் சேவை நிறுத்தப்பட்டது, வேலை இனி இல்லை என்று எழுதியிருந்தது. படகைப் பொறுப்பேற்க அதிகாரி நேரில் வரும்வரை அதைவிட்டு அகலக்கூடாது என்றும் இருந்தது.

நான்தான் வாசித்துச் சொன்னேன். வீட்டுக்குக்கூடப் போக ஏலாதா மகள் என்று கேட்டார். உங்கள் பெண்சாதி என்ற மிடுக்கில், கடுதாசியில் அப்படித்தான் இருக்கிறது, ஆள் வரும், காத்திருங்கள் என்றேன்.

ஆள் வரவில்லை. ஒரே வாசகத்தில் இருநூறு கடிதம் போயிருக்கும், உங்களுக்கு அது நினைவிலேயே இராது. அபூசாலி நானா படகிலேயே சமைத்தார், படகிலேயே படுத்தார். ஜூன் மாதம் காய்ச்சல் கண்டது. பெண்சாதி ஆசியா உம்மா கையைப் பிடித்து இழுத்தும் எழும்பவில்லையாம். ஒப்படைக்காமல் போனால் களவு எடுத்த மாதிரி என்றாராம். மூன்றாம் நாள் அதிலேயே கண்ணை மூடி மௌத்தானார். படகைக் கரையேற்றிக் கவிழ்த்து வைத்தார்கள். இப்போது அதன் கீழே கோழி அடைகாக்கிறது.

மகன் பிறந்த அன்று காலையில் எனக்கு நோவு கண்டது. புத்தளத்திலிருந்து மருத்துவிச்சி அனஸ்தாசியா அக்காவைக் கூட்டிவர ஐயா வண்டி அனுப்பினார். வண்டி வழியில் பாலாவியைக்கூடத் தாண்டியிருக்காது, அக்கா வாசலில் வந்து நின்றார். பிள்ளை காலால் வந்துகொண்டிருந்தான். இன்னும் ஒரு மணித்தியாலம் பிந்தியிருந்தால் இரண்டு பேரும் இல்லை என்று பிறகு சொன்னார். எப்படி வந்தீர்கள் என்று அம்மா கேட்டதற்கு, அபூசாலி நானா வீட்டுக்கே வந்து கூப்பிட்டு ஏற்றிக்கொண்டு வந்தார் என்றார். அக்கா இரண்டு மாதமாகச் சிலாபத்தில் மகள் வீட்டில் இருந்துவிட்டு முதல்நாள்தான் திரும்பியிருந்தார். அவருக்கு எதுவும் தெரியாது. அம்மா கையிலிருந்த சுடுநீரைக் கீழே போட்டுவிட்டார்.

ஐயா துறைக்குப் போய்ப் பார்த்தார். படகு கவிழ்த்தபடியே இருந்தது. கோழியும் இருந்தது. நல்ல வெயில். அடிப்பலகை மட்டும் நனைந்து, உப்புத் தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்ததாம்.

ஆசியா உம்மா புருஷன் இறந்த துக்கம் காத்து இத்தாவில் இருக்கிறார், வெளியே வர முடியாது. நானும் அறையைவிட்டு வெளியே போகவில்லை. என்னைப் பார்க்க இங்கேயே தங்கியிருக்கும் அனஸ்தாசியா அக்காதான் இரண்டு பேருக்கும் நடுவில் கதை கொண்டு போகிறார். நான் மன்னிப்புக் கேட்டு அனுப்பினேன். "அந்தப் புள்ள மேல எனக்குக் கோவமில்ல. தொரைய ஒப்பம் வெக்கச் சொல்லுங்க. மனிசன் ஊட்டுக்கும் வராம, கபுறிலயும் கெடக்காம நிக்கிறார்" என்று சொல்லி அனுப்பினார்.

ஞானஸ்நானம் வருகிற ஞாயிறு என்று பங்குச் சுவாமி சொல்லியிருந்தார். அதற்கு வெள்ளைத் துணி வாங்கத்தான் போன சனிக்கிழமை ஐயா புத்தளம் போனார். திரும்பும்போது உச்சி வெயில். துறையில் நின்ற படகில் ஏறி உட்கார்ந்து, குடையை மடித்த பிறகுதான் ஓட்டுகிறவரின் முகத்தைப் பார்த்திருக்கிறார். அதற்குள் கரை தூரமாகிவிட்டது. முகம் சுகமாகவே இருந்ததாம், காய்ச்சல் விட்ட மாதிரி. "மருமகன் எப்ப வாறார்?" என்று கேட்டாராம். ஐயா பயத்தில் வெள்ளிக்கிழமை என்று சொல்லிவிட்டார். அன்றைக்கு வேறு யாரையும் ஏற்றமாட்டேன், அவருக்காகவே நிற்பேன் என்றாராம். கரை வரும் நேரத்தில், பிள்ளைக்கு என்ன பெயர் என்று விசாரித்திருக்கிறார். தகப்பன் பெயர்தான் என்று ஐயா வழக்கமான பெருமையோடு சொல்லிவிட்டார்.

"அப்ப அந்தப் பேருக்கு ரெண்டு பேர் இருக்காங்க" என்றாராம் அபூசாலி நானா.

ஐயா அன்று முதல் சரியாகச் சாப்பிடுவதில்லை. எனக்கு அவர் மேலும் கோபம், உங்கள் மேலும் கோபம், என் மேல் எல்லாவற்றிலும் பெரிய கோபம். ஆனால் அபூசாலி நானா மேல் என்னால் கோபப்பட முடியவில்லை. மகனை எனக்குக் கொண்டுவந்து தந்தவர் அவர். அவர் கெட்டது செய்வார் என்று நான் சொல்லவில்லை. சொன்ன வேலையை முடிக்காமல் விடமாட்டார், படகை அந்தப் பெயருக்குரிய ஒருவரிடம் ஒப்படைத்தே தீருவார், அது நீங்களோ பிள்ளையோ என்றுதான் சொல்கிறேன்.

ஆகவே நீங்கள் செய்ய வேண்டியது இது. கந்தோர்க் கடுதாசியில், முத்திரையோடு, தமிழில் எழுதுங்கள். படகைப் பொறுப்பேற்றுக்கொண்டேன், அபூசாலியின் கடமை முடிந்தது, அவர் வீட்டுக்குப் போகலாம் என்று எழுதி ஒப்பம் வையுங்கள். இதற்கு எந்தச் சட்டம், எந்தக் கோவை என்று கேட்க வேண்டாம். நிறுத்துவதற்கு ஒரு வரி போதுமாக இருந்ததென்றால் விடுவதற்கும் ஒரு வரி போதும். அனஸ்தாசியா அக்கா அதைப் படகடியில் நின்று சத்தமாக வாசிப்பார். இந்தக் கடிதத்தை வண்டிக்கார ஹயாத்து முகம்மது களப்புப் பக்கம் போகாமல் பாலாவி றோட்டால் கொண்டுபோய் ரயில் தபாலில் சேர்ப்பார். உங்கள் பதில் வரும்வரை அவர் புத்தளம் ஸ்டேஷனில்தான் நிற்பார். நீங்களும் அவருடைய வண்டியிலேயே வாருங்கள். மணலில் குலுங்கிக்கொண்டு ஒரு நாள் முழுக்க வரவேண்டும்தான். வாருங்கள்.

சுவாமியிடம் ஞாயிறு வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். உங்கள் ஒப்பம் வந்து சேரும்வரை பிள்ளைக்கு எந்தப் பெயரும் வைக்க விடமாட்டேன். ஐயா சண்டை பிடிக்கிறார், பிடிக்கட்டும். துறைப் பக்கத்திலிருந்து யாரோ உங்கள் பெயரைச் சொல்லிக் கூப்பிடுகிறார்கள் அத்தான், நேற்றும் இன்றும், பட்டப்பகலில், மிகவும் மரியாதையாக. பிள்ளை தலையைத் திருப்பிப் பார்க்கிறான்.

அன்னம்மாள் உங்களைத் தரை வழியாகக் கொண்டுவந்து சேர்க்க வேண்டும்.

உங்கள்
அல்பொன்சா